வாலரண்ட் கஸ்டம் ஆட்டம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வார இறுதிகளில் சிங்கப்பூரில் எங்கள் வட்டாரத் தமிழ்ப் பிள்ளைகளுக்காக வாலரண்ட் பயிற்சி ஆட்டங்களை ஏற்பாடு செய்கிறேன். உயர்நிலைப் பள்ளி மாணவர் முதல் தேசிய சேவையாளர் வரை வருகிறார்கள். வாட்ஸ்அப்பில் அதே சந்தேகங்கள் மறுபடி மறுபடி வருவதால், கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். பெற்றோர் கேட்டதும் இதில் உண்டு.

விளையாட்டே தெரியாதவர்களுக்கு: வாலரண்ட் 2020 ஜூன் மாதம் ரயட் கேம்ஸ் வெளியிட்ட, ஐவர் ஐவராக மோதும் துப்பாக்கிச் சண்டை விளையாட்டு. தாக்கும் அணி ஸ்பைக் என்னும் வெடிகுண்டை வைக்கப் பார்க்கும். காக்கும் அணி தடுக்கும். 12 ரவுண்டு முடிந்ததும் தரப்பு மாறும். முதலில் 13 ரவுண்டு வெல்லும் அணிக்கு வெற்றி. மெனு ஆங்கிலத்தில் இருப்பதால் அதிலுள்ள பெயர்களை ஒலிப்படியே எழுதியிருக்கிறேன்.

கஸ்டம் ஆட்டம் என்றால் என்ன? வழக்கமான ஆட்டத்தில் இல்லாதது அதில் என்ன இருக்கிறது?

வழக்கமான ஆட்டத்தில் உங்களோடும் உங்களுக்கு எதிராகவும் யார் ஆடுவார்கள், எந்த மேப் (ஆடுகளம்) என்பதையெல்லாம் கணினியே முடிவு செய்யும். கஸ்டம் ஆட்டத்தில் இவை அனைத்தும் அறையைத் திறப்பவர் கையில். தரவரிசைப் புள்ளி ஏறாது, இறங்காது. தோற்றால் இழப்பதற்கு ஒன்றுமில்லை என்பதுதான் இதன் பெரிய வசதி. அதையே சிலர் அலட்சியமாக ஆடுவதற்குச் சாக்காகவும் வைத்துக்கொள்கிறார்கள்.

எல்லா அமைப்புகளையும் மனப்பாடம் செய்யத் தேவையில்லை. இன்று எதைப் பழகப் போகிறோம் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். எந்தக் கட்டத்தை இயக்குவது, எதை விடுவது என்பது அதிலிருந்து தானாகத் தெரியும். கீழே உள்ள பதில்கள் பெரும்பாலும் இதைச் சுற்றியே வரும்.

எங்கே போய் அழுத்த வேண்டும்? தம்பி கடகடவென்று சொல்லிவிட்டுப் போய்விட்டான், ஒன்றும் புரியவில்லை.

முகப்பில் 'பிளே' பொத்தானை அழுத்தினால் ஆட்ட வகைகள் வரிசையாகத் தெரியும். அவற்றோடு 'கஸ்டம் கேம்' இருக்கும். அதற்குள் போனால் நீங்கள்தான் அறைக்குப் பொறுப்பாளர். மேப், ஆட்ட வகை, சர்வர் மூன்றையும் தேர்ந்தெடுங்கள். வகையில் 'ஸ்டாண்டர்ட்' என்பது முழு ஆட்டம். அவகாசம் குறைவென்றால் 'ஸ்விஃப்ட்பிளே' எடுங்கள்; அதில் 5 ரவுண்டு வென்றாலே போதும்.

திரையில் இரு அணிகளுக்கும் ஐந்தைந்து இடங்கள் இருக்கும். அவரவர் தமக்குரிய இடத்துக்கு மாறிய பிறகு 'ஸ்டார்ட்' அழுத்துங்கள். ஆட்டத்தைத் தொடங்க மற்றவர்களால் முடியாது.

நண்பர் பட்டியலில் இல்லாத ஒருவரை உள்ளே கொண்டுவருவது எப்படி?

லாபியிலேயே, அதாவது ஆட்டத்துக்கு முன் காத்திருக்கும் திரையிலேயே, ஒரு குறியீட்டை உருவாக்கலாம். சில எழுத்தும் எண்ணும் கொண்ட அந்தக் குறியீட்டை வாட்ஸ்அப்பில் அனுப்பினால் போதும்; அவர் அதைத் தம் திரையில் உள்ளிட்டு நேராக வந்துவிடுவார். பத்துப் பேரையும் நண்பர்களாகச் சேர்த்துக்கொண்டிருக்க வேண்டியதில்லை. பெரிய குழுக்களில் குறியீட்டைப் பகிர்ந்தால் அழையாத விருந்தாளிகளும் வந்து நிற்பார்கள். எல்லோரும் வந்து சேர்ந்ததும் குறியீட்டை நீக்கிவிடுங்கள்.

அண்ணா, தீபாவளிக்கு வீட்டுக்கு வருகிறவர்களையும் சேர்த்தால் நாங்கள் ஏழு பேர்தான். ஆட முடியுமா?

தாராளமாக. இரு பக்கமும் சம எண்ணிக்கை வேண்டும் என்று கட்டாயமில்லை. நால்வருக்கு மூவர் ஆடலாம். தேர்ந்தவர்களை மூவர் பக்கம் போட்டால் சரியாகிவிடும். அல்லது மூவருக்கு மூவர் வைத்து, ஏழாவது ஆளைப் பார்வையாளர் இடத்தில் உட்கார வையுங்கள். அவருக்கு இரு தரப்பும் தெரியும் என்பதால், யாரும் கவனிக்காத தவறுகள் அவர் கண்ணில் படும். அதே காரணத்தால் ஆட்டம் முடியும்வரை அவர் வாயைத் திறக்கக் கூடாது.

'அலவ் சீட்ஸ்' என்று ஒரு கட்டம் இருக்கிறது. அதை இயக்கினால் கணக்கை முடக்கிவிடுவார்களா?

மாட்டார்கள். அது விளையாட்டை உருவாக்கியவர்களே பயிற்சிக்காக வைத்த வசதி. உங்கள் அறைக்குள் மட்டும் செல்லுபடியாகும். அதை இயக்கி ஆட்டத்தைத் தொடங்கினால், அமைப்புகள் திரையில் பொறுப்பாளருக்குத் தனியாக ஒரு பகுதி திறக்கும். தீராத தோட்டா, பாத்திரங்களின் தீராத சிறப்புத் திறன்கள், சுவருக்குள் புகுந்து பறக்கும் 'கோஸ்ட்' நிலை, நேரத்தை நிறுத்தி வைப்பது, ஆயுதம் வாங்கும் பணமான கிரெடிட்டின் அளவை மாற்றுவது எல்லாம் அங்கேதான்.

வெளியிலிருந்து இறக்கும் மோசடி மென்பொருள் முற்றிலும் வேறு விவகாரம். வேன்கார்ட் என்னும் கண்காணிப்பு மென்பொருள் கஸ்டம் ஆட்டத்தின்போதும் ஓடிக்கொண்டுதான் இருக்கும். "நண்பர்களுக்குள்தானே" என்ற சமாதானம் அங்கே எடுபடாது.

யாரும் கிடைக்காத நாளில் நான் மட்டும் தனியாக என்ன செய்வது?

குறி பார்த்துச் சுடுவதற்கு மட்டும் என்றால் கஸ்டம் ஆட்டமே வேண்டாம். 'தி ரேஞ்ச்' என்னும் பயிற்சிக்களம் இருக்கிறது, பொம்மை எதிரிகள் அங்கே கிடைப்பார்கள். தனியாளுக்குக் கஸ்டம் ஆட்டம் பயன்படுவது திறன்களை எங்கிருந்து எங்கே எறிவது என்று பழகத்தான்.

சோவா என்னும் பாத்திரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அவனுடைய உளவு அம்பு விழுந்த இடத்தைச் சுற்றியுள்ள எதிரிகளைக் காட்டிக்கொடுக்கும். வில்லை எவ்வளவு இழுக்கிறோம் என்பதை மூன்று கட்டங்கள் காட்டும். அம்பு சுவரில் பட்டு அதிகபட்சம் இரண்டு முறை துள்ளும்படி வைக்கலாம். அசென்ட் மேப்பில், ஸ்பைக் வைக்கும் இடங்களில் ஒன்றான ஏ தளத்துக்கு வெளியே ஒரு சுவர் மூலையோடு ஒட்டி நின்று, கூரை விளிம்பில் ஒரு புள்ளியைக் குறி வைத்து விடுங்கள். உடனே 'கோஸ்ட்' நிலைக்கு மாறிப் பறந்து போய் அம்பு எங்கே குத்தி நிற்கிறது என்று பாருங்கள். பெட்டிக்குப் பின்னால் விழுந்து பாதி இடத்தைத்தான் காட்டுகிறதா? திரும்பி வந்து குறியைச் சற்று மேலே ஏற்றுங்கள். திறன் தீராது, நேரமும் நிறுத்தி வைக்கப்பட்டிருக்கிறது, அவசரமே இல்லை. சரியாக விழுந்ததும் நின்ற இடத்தையும் குறி வைத்த புள்ளியையும் திரையிலிருந்து படமாகப் பிடித்து வையுங்கள்.

ஒரே உட்காரலில் பத்து இடங்களைப் பழகுவது வீண். இரண்டு போதும். மறுநாள் படத்தைப் பார்க்காமல் அந்த இரண்டையும் போட முடிகிறதா என்று பாருங்கள்.

அப்படியானால் எப்போதும் சீட்ஸை இயக்கியே வைத்துக்கொள்ளலாமே?

கூடாது. வலைப் பயிற்சியில் விக்கெட் போகாது என்பதற்காக எல்லாப் பந்தையும் தூக்கி அடிக்கிறவனின் கதையாகிவிடும். தீராத திறன்களோடு ஆடிப் பழகியவர் உண்மை ஆட்டத்தில் முதல் பத்து விநாடியிலேயே எல்லாவற்றையும் எறிந்துவிட்டு வெறுங்கையோடு நிற்பார்.

குறிப்பாகப் பணக் கணக்கைப் பழக சீட்ஸ் இல்லாத ஆட்டம்தான் வேண்டும். முதல் ரவுண்டில் ஆளுக்கு 800 கிரெடிட். வென்ற ரவுண்டுக்கு 3,000. தோற்றால் முதல் தடவை 1,900, அடுத்தடுத்துத் தோற்றால் 2,400, பிறகு 2,900. வேண்டல் துப்பாக்கி 2,900, கனமான கவசம் 1,000. ஆக முழு ஆயத்தத்துக்கு 3,900 வேண்டும். முதல் ரவுண்டில் 800-ஐயும் செலவழித்துத் தோற்றீர்கள் என்று வைத்துக்கொள்வோம். கையில் 1,900. இரண்டாம் ரவுண்டில் ஒன்றும் வாங்காமல் தோற்றாலும் மூன்றாம் ரவுண்டில் 4,300 இருக்கும். முழு ஆயத்தத்தோடு இறங்கலாம். ஆசைப்பட்டு 1,600-க்கு ஸ்பெக்டர் துப்பாக்கி வாங்கித் தோற்றால் 2,700-தான் மிஞ்சும். வேண்டல்கூடக் கிடைக்காது. வீழ்த்திய எதிரிக்குக் கிடைக்கும் 200-ஐ இதில் சேர்க்கவில்லை.

இதைச் சொல்லிக்கொடுத்தால் எல்லோரும் தலையாட்டுவார்கள். ஐவரும் ஒரே ரவுண்டில் ஒன்றுபோல் சேமிப்பதுதான் கடினம். நால்வர் சேமிக்கும்போது ஒருவர் வாங்கிவிடுவார். அந்த ஒழுங்கு கஸ்டம் ஆட்டத்தில் நாலைந்து முறை அடிபட்டால்தான் வரும்.

எந்த மேப்பில் தொடங்குவது நல்லது?

அசென்ட். இரண்டு தளங்கள், நடுவில் திறந்த வெளி, குழப்பம் குறைவு. ஹேவன், லோட்டஸ் இரண்டிலும் மூன்று தளங்கள் இருப்பதால் புதியவர்கள் சிதறிப் போவார்கள். தரவரிசை ஆட்டங்களில் அந்தச் சமயத்துக்கான சில மேப்கள் மட்டுமே சுழற்சியில் இருக்கும். கஸ்டம் ஆட்டத்தில் அந்தக் கட்டுப்பாடு இல்லை. லோட்டஸ் மேப்பின் கதைக்களம் நம் மேற்குத் தொடர்ச்சி மலை. ஆடாவிட்டாலும் ஒருமுறை தனியாகத் திறந்து, 'கோஸ்ட்' நிலையில் அந்தக் கல் மண்டபங்களையும் சுழலும் கதவுகளையும் சுற்றிப் பார்த்துவிட்டு வாருங்கள்.

ஸ்பைக்கை வைத்த பிறகுதான் எப்போதும் தோற்கிறோம். அதை மட்டும் தனியாகப் பழக வழி உண்டா?

உண்டு. என்னைக் கேட்டால் கஸ்டம் ஆட்டத்தின் முதல் பயனே இதுதான். வழக்கமான ஆட்டத்தில் ஸ்பைக் வைத்த பிறகான சண்டை எல்லா ரவுண்டிலும் வராது. இங்கே ஒவ்வொரு ரவுண்டிலும் வர வைக்கலாம். மூவருக்கு மூவர் போதும். சீட்ஸை இயக்கி, எல்லோருக்கும் தாராளமாகக் கிரெடிட் கொடுத்துவிடுங்கள். காக்கும் அணி தன் தொடக்க இடத்தை விட்டு நகரக் கூடாது. தாக்கும் அணி தடையில்லாமல் போய் ஸ்பைக்கை வைக்கட்டும். "ஸ்பைக் வைக்கப்பட்டது" என்ற அறிவிப்பு வந்ததும் காப்பவர்கள் புறப்படலாம்.

இனி எண்களைப் பாருங்கள். வைத்த ஸ்பைக் 45 விநாடியில் வெடிக்கும். செயலிழக்கச் செய்ய 7 விநாடி. ஆகவே 38-வது விநாடிக்குள் கை வைத்தாக வேண்டும். பாதி, அதாவது மூன்றரை விநாடி, ஏற்கெனவே முடிந்திருந்தால் அந்தப் பாதி அழியாது; மீதியை மட்டும் செய்தால் போதும் என்பதால் 41-வது விநாடி வரை நம்பிக்கை உண்டு. தாக்கும் அணி இதைத் தலைகீழாக எண்ண வேண்டும். எல்லோரையும் வீழ்த்த வேண்டிய தேவை அவர்களுக்கு இல்லை, நேரத்தைக் கடத்தினால் போதும். ஆனாலும் ஒவ்வொருவராக எட்டிப் பார்த்து, ஒவ்வொருவராகச் செத்து விழுவதுதான் நடக்கிறது.

ஸ்பைக்கைச் செயலிழக்கச் செய்யத் தொடங்கும்போது ஒரு சத்தம் கேட்கும். காப்பவர் சும்மா ஒருமுறை தொட்டு அந்தச் சத்தத்தை எழுப்பிவிட்டு, ஓடி வருகிறவரைச் சுடக் காத்திருப்பார். அது பொய்த் தொடலா மெய்யா என்று கண்டுபிடிக்க ஒரே வழி, முதல் சத்தத்துக்கு ஓடாமல் மனத்துக்குள் எண்ணுவது. ரவுண்டு முடிந்ததும் அரை நிமிடம் பேசுங்கள்: யார் எங்கே நின்றீர்கள், யாருக்கு யார் துணை? அதற்கு மேல் பேச்சு நீண்டால் பயிற்சி பட்டிமன்றமாகிவிடும்.

சென்னையில் இருக்கும் பெரியப்பா மகனும், லண்டனில் படிக்கும் தோழியும் சேர வேண்டும். முடியுமா?

பெரியப்பா மகன் வரலாம். சிங்கப்பூரும் இந்தியாவும் ஒரே ஆசிய பசிபிக் வட்டாரத்தில் வருகின்றன. சர்வர் பட்டியலில் சிங்கப்பூரும் மும்பையும் இருக்கும். எதைத் தேர்ந்தாலும் ஒருவருக்குத் தாமதம் கூடும். சென்னையையும் சிங்கப்பூரையும் நேராக இணைக்கும் கடலடிக் கம்பி 2002-ல் போடப்பட்டது. நீளம் சுமார் 3,200 கிலோமீட்டர். கண்ணாடி இழையில் ஒளி விநாடிக்கு ஏறத்தாழ 2,00,000 கிலோமீட்டர் போகும். போய்வர 32 மில்லி விநாடி ஆகும். என்ன இணையத் திட்டம் வாங்கினாலும் அந்த வழியில் அதற்குக் கீழே இறங்காது. வீட்டிலிருந்து கம்பி வரையுள்ள சுற்றுவழிகள் வேறு கூடும். ஆளுக்கொரு சர்வர் என்று மாற்றி மாற்றி ஆடுவதே நியாயம். நமக்கு இரவு 9 மணி என்றால் அங்கே 6.30 என்பதையும் மறக்க வேண்டாம்.

லண்டன் தோழிக்கு விடை அவருடைய கணக்கைப் பொறுத்தது. கணக்கு ஐரோப்பிய வட்டாரத்தில் பதிவாகியிருந்தால் உங்கள் லாபிக்குள் வர முடியாது. குறியீடு அனுப்பியும் பயனில்லை. இங்கிருந்தபோது தொடங்கிய கணக்கு இன்னும் ஆசிய பசிபிக்கில் இருந்தால் சேரலாம். ஆனால் தாமதம் மிக அதிகமாக இருக்கும், அவரைப் பார்வையாளராக வைத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் இணையம் வேகமானதுதான். ஆனாலும் ஆட்டம் துள்ளித் துள்ளிப் போகிறது. ஏன்?

இந்த விளையாட்டு இழுக்கும் தரவு மிகக் குறைவு. வேகத்தைவிடச் சீர்தான் முக்கியம். சர்வர் விநாடிக்கு 128 முறை நிலவரத்தைப் புதுப்பிக்கிறது. உங்கள் வைஃபை இடையிடையே விக்கினால் அது அப்படியே திரையில் தெரியும். வீவக (அரசு அடுக்குமாடி) வீடுகளில் நான் முதலில் பார்ப்பது ரௌட்டர் எங்கே இருக்கிறது என்பதைத்தான். பல வீடுகளில் அதற்கும் பிள்ளையின் அறைக்கும் நடுவில் பாம் ஷெல்ட்டர் என்னும் பாதுகாப்பு அறை இருக்கும். அந்தத் தடித்த கான்கிரீட் சுவரையும் எஃகுக் கதவையும் தாண்டி வரும் வைஃபை அரை உயிராகத்தான் வரும். நீளமான இணையக் கம்பி ஒன்றை வாங்கிச் சுவரோரமாக இழுத்துவிடுங்கள். புதிய ரௌட்டருக்குச் செலவழிப்பதைவிட அது மலிவு. அம்மாவின் கால் தடுக்காதபடி ஒட்டிவையுங்கள்.

நாங்கள் போடும் திட்டமெல்லாம் எதிரணிக்கு முன்கூட்டியே தெரிந்துவிடுகிறது. எப்படி?

ஒற்றர் யாரும் இல்லை. கஸ்டம் லாபியில் இரு அணிகளும் ஒரே 'பார்ட்டி', அதாவது ஒரே குழு. பார்ட்டிக் குரலில் பேசினால் பத்துப் பேருக்கும் கேட்கும். அணிக்குரலுக்குத் தனிப் பொத்தான் இருக்கிறது. அதைப் பயன்படுத்துங்கள், அமைப்புகளில் பார்ட்டிக் குரலை அணைத்துவிடுங்கள். அல்லது அணிக்கொரு டிஸ்கார்ட் அறை வைத்துக்கொள்ளுங்கள். தட்டச்சு செய்து அனுப்பும் செய்திகளுக்கும் இதே எச்சரிக்கை பொருந்தும்.

தம்பி, என் மகன் சாப்பிடக் கூப்பிட்டால் "பாதியில் நிறுத்த முடியாது" என்கிறான். உண்மையா, சாக்கா?

அக்கா, தரவரிசை ஆட்டம் என்றால் உண்மை. நடுவில் எழுந்தால் அவனுக்குத் தண்டனை, கூட ஆடும் நால்வருக்கும் நட்டம். ஓர் ஆட்டம் முக்கால் மணி நேரம்வரை போகும். கஸ்டம் ஆட்டம் என்றால் பாதி சாக்கு. முன்பே சொன்னபடி அதில் புள்ளி போகாது. சீட்ஸ் இயக்கியிருந்தால் பொறுப்பாளர் நேரத்தை நிறுத்தி வைக்கவும் முடியும். ஆனால் ஒன்பது பேர் காத்திருப்பார்கள் என்பதும் மெய்தான். தோசை கல்லில் இருக்கும்போது கூப்பிடாமல், அவன் உட்காரும்போதே "எட்டரைக்குச் சாப்பாடு" என்று சொல்லிவிடுங்கள். எட்டு மணிக்குப் புதிய ஆட்டம் தொடங்கினால் அது அவன் குற்றம்.

வேறோர் அணியோடு ஸ்கிரிம் (பயிற்சி மோதல்) ஆடப் போகிறோம். எதையெல்லாம் முன்கூட்டிப் பேசி வைக்க வேண்டும்?

மேப், சர்வர், தொடங்கும் நேரம், யார் அறையைத் திறப்பது. இவை எல்லோருக்கும் தெரிந்தவை. விட்டுப்போவது ரவுண்டுக் கணக்கு. 'பிளே அவுட் ஆல் ரவுண்ட்ஸ்' என்பதை இயக்கினால் ஒரு அணி 13-ஐத் தொட்ட பிறகும் 24 ரவுண்டும் நடக்கும். பயிற்சிக்கு வந்தவர்களுக்கு இதுதான் லாபம்; 13-3 என்று நசுங்கியவர்களுக்குத்தான் மீதி எட்டு ரவுண்டு அதிகம் தேவை. போட்டிக்கு முந்தைய ஒத்திகை என்றால் அதை அணைத்து, 'ஓவர்டைம்: வின் பை டூ' என்பதை இயக்குங்கள். 12-12 ஆனால் இரண்டு ரவுண்டு முன்னிலை பெறும்வரை ஆட்டம் நீளும். 'டோர்னமெண்ட் மோட்' இருந்தால் அணிகள் இடைவேளை கேட்கலாம். சீட்ஸ் அணைந்திருக்கிறதா என்று இரு அணித் தலைவர்களும் பார்த்துவிடட்டும்.

ஸ்கிரிம் முடிவை வெளியே சொல்வதில்லை, பதிவை யாருக்கும் அனுப்புவதில்லை என்பது எழுதப்படாத விதி. 'ஹைட் மேட்ச் ஹிஸ்டரி' அதற்காகவே இருக்கிறது. வென்ற படத்தை இன்ஸ்டகிராமில் போடும் அணிக்கு அடுத்த வாரம் எதிரணி கிடைக்காது.

நடுவில் ஒருவர் துண்டிக்கப்பட்டால் என்ன ஆகும்? மாற்று ஆள் வரலாமா?

ஆட்டம் ரயட்டின் சர்வரில் ஓடுவதால், அறையைத் திறந்தவரே துண்டிக்கப்பட்டாலும் நிற்காது. விழுந்தவர் மறுபடி நுழையலாம். புதிய ஆள் நடுவில் வர முடியாது. அவர் வேண்டுமென்றால் லாபிக்குத் திரும்பிப் புதிதாகத் தொடங்கி, பழைய புள்ளியைத் தாளில் குறித்துக்கொண்டு மீதியை மட்டும் ஆடுங்கள். பணக் கணக்கு முதலிலிருந்து தொடங்கும் என்பதால் அது முழுக்க அதே ஆட்டமாக இருக்காது.

பேப்பர் ரெக்ஸ் மாதிரி பாய்ந்து பாய்ந்து ஆடப் பழக வேண்டும். அதற்கு என்ன அமைப்பு?

2025-ல் டொராண்டோவில் மாஸ்டர்ஸ் கோப்பையை நம் ஊர் அணி வென்றதிலிருந்து இந்தக் கேள்வி ஓயவில்லை. பாய்கிறவர் மட்டும்தான் காணொளியில் தெரிகிறார். அவர் பாயும் கணத்தில் யார் புகை போட்டார், யார் எதிரியின் கண்ணைக் கூச வைத்தார், செத்தால் பழிவாங்க யார் பின்னால் நிற்கிறார் என்பதை மீண்டும் ஓட்டிப் பாருங்கள்.

பழகும் முறை இது: ஸ்டாண்டர்ட் ஆட்டம், சீட்ஸ் இல்லை, ஐவருக்கு ஐவர். ஒரே தளம், ஒரே நுழைவு, ஒரே திட்டம். தொடர்ந்து ஆறு ரவுண்டு. எதிரணிக்குத் திட்டம் தெரிந்துவிடும், தெரியட்டும். முதலில் நுழைந்தவர் விழுந்த இரண்டு விநாடிக்குள் அவரை வீழ்த்தியவரும் விழுகிறாரா என்று மட்டும் கணக்கெடுங்கள். ரவுண்டு வெற்றி தோல்வியை அந்த ஆறு ரவுண்டுக்கு மறந்துவிடுங்கள்.

ஐவரையும் ஒரே நேரத்தில் சேர்ப்பதே பெரும்பாடாக இருக்கிறது. என்ன செய்யலாம்?

தேசிய சேவையில் இருப்பவர் பெரும்பாலும் ஞாயிறு இரவு முகாமுக்குத் திரும்ப வேண்டும். பலதுறைத் தொழிற்கல்லூரியில் படிப்பவருக்குச் சனிக்கிழமை பகுதிநேர வேலை. உயர்நிலை நான்கு மாணவருக்குத் தேர்வு. எங்களுக்கு ஒத்துவந்தது ஞாயிறு பிற்பகல். ஐவரும் கிடைக்கும்போது மட்டும் ஸ்கிரிமும் பாய்ச்சல் பயிற்சியும் வைக்கிறோம். மூவர் வந்தால் ஸ்பைக் பயிற்சியை இருவருக்கு ஒருவராகச் சுருக்கி ஆடுவோம். ஒருவர் மட்டும் வந்தால் அவருக்குச் சோவாவின் அம்பு இருக்கிறது. தேர்வு மாதங்களில் அறையைத் திறப்பதே இல்லை. யார் கெஞ்சினாலும் குறியீடு வராது.